அருகிருக்கும் உரிமை

வீட்டிலே ஒருவர் நோயுற்றுப் படுக்கையிற் கிடக்கும்போது அவர் அருகே இருப்பது மனிதக் கடமை என்பதை மறுப்பார் எவருமிலர். அறநூல்கள் அதனை வற்புறுத்துகின்றன. மேடைதோறும் அது பேசப்படுகின்றது. ஆயின் அக்கடமையைச் செய்வதற்கு வேண்டிய நேரம் யாருக்கு உரியது என்று வினவினால் மேடையிலுள்ளோர் பலர் மௌனிகளாகி விடுகின்றனர். கூலிக்கு உழைப்பவனின் பகற்பொழுது அவன் கையில் இல்லை. மாத முடிவிற் கிடைக்கும் சம்பளத்துக்காக அதனை அவன் முன்னரே விற்றுவிட்டான். விற்ற பொழுதில் ஒரு பகுதியை மீளப் பெறவேண்டுமாயின் வாங்கியவர் முன்னிலையில் அவன் இரந்து நிற்றல் வேண்டும். கடமை அவனுடையது, காலம் பிறருடையது. இம்முரண்பாடு நெடுங்காலமாகத் தனிமனிதரின் மனச்சங்கடமாகவே கருதப்பட்டு வந்தது. நீதி பற்றிய பொதுவினாவாக அது உணரப்பட்டது மிகப் பிந்தியேயாகும்.

அவ்வினா எவ்வாறு எழுந்தது, எவ்வாறு அரைகுறையாக விடையிறுக்கப்பட்டது என்பதை அறிய ஐக்கிய அமெரிக்காவின் அனுபவம் பெரிதும் உதவும். 1993ஆம் ஆண்டில் அங்கு இயற்றப்பட்ட குடும்ப, மருத்துவ விடுமுறைச் சட்டத்தையே நாம் இங்கு மனத்திற் கொண்டுள்ளோம். நம் வாசகருட் பலர் அந்நாட்டைப் பற்றி அறிந்திருப்பது அதன் போர்களையும் திரைப்படங்களையும் பற்றியே. அங்கு ஓர் ஆசிரியை கருவுற்றால் என்ன நேர்ந்தது என்பதை நாம் அதிகம் கேட்டதில்லை.

அதற்கு முன்னர்ச் சொல்லைப் பற்றி ஒரு சொல். விடுமுறை என்றதும் ஓய்வும் பண்டிகையும் பயணமுமே நம் நினைவுக்கு வருகின்றன. இரவு முழுதும் தாயின் கட்டிலருகே விழித்திருந்து, விடிந்ததும் மருந்துச் சீட்டுடன் வரிசையில் நிற்பவன் விடுமுறையில் இருக்கின்றான் என்பது மொழிக்கே இழுக்கு. அவன் வேறொரு வேலையில் இருக்கின்றான். அதற்குக் கூலி இல்லை, அவ்வளவே. தமிழகத்தார் 'விடுப்பு' என்கின்றனர். நம்மூரிலோ அச்சொல் அயல்வீட்டுச் செய்தியை அறியத் துடிக்கும் ஆவலைக் குறிப்பதால் நாம் அதனை எடுத்தாள இயலாது. எனினும் அதனை முற்றாக மறந்துவிடவும் வேண்டாம். பின்னர் ஓரிடத்தில் அது நமக்குப் பயன்படும்.

1919ஆம் ஆண்டின் இறுதியில் சர்வதேசத் தொழில் மாநாட்டின் முதலாவது கூட்டம் வாஷிங்டன் நகரில் நடைபெற்றது. எட்டு மணிநேர வேலைநாளை வகுத்த அதே கூட்டம் மகப்பேற்றுப் பாதுகாப்புச் சமவாயம் ஒன்றையும் நிறைவேற்றியது. பிரசவத்துக்கு முன் 6 வாரமும் பின் 6 வாரமும் ஓய்வு. அக்காலத்தில் தாயையும் சேயையும் பேணப் போதிய கொடுப்பனவு. அவ்வேளையில் வேலை நீக்கம் செய்தல் ஆகாது என்ற தடை. இவ்வளவும் வாஷிங்டனிலேயே எழுதப்பட்டன. ஆயின் கூட்டத்துக்கு இடங்கொடுத்த நாடு அவ்வமைப்பின் உறுப்பினராகவும் அப்போது இருக்கவில்லை. 1934இல் உறுப்பினரான பின்னரும் அச்சமவாயத்தை அது ஏற்றுக்கொள்ளவில்லை. அந்நிய ஆட்சியின் கீழிருந்த இலங்கையிலே 1939இல் மகப்பேற்று நன்மைகள் கட்டளைச் சட்டம் பிறந்துவிட்டது என்பதை நினைக்கும்போது, செல்வத்துக்கும் நீதிக்கும் இடையே நாம் சாதாரணமாகக் கற்பித்துக்கொள்ளும் உறவு அவ்வளவு உறுதியானதன்று என்பது புலனாகும்.

ஆசிரியர்களாகிய நாம் சிறப்பாக அறியவேண்டிய வழக்கு ஒன்று உண்டு. ஒஹாயோ மாநிலத்துக் கிளீவ்லண்ட் நகரப் பாடசாலைச் சபை, கருவுற்ற ஆசிரியை பிரசவத்துக்கு ஐந்து மாதம் முன்பே சம்பளமின்றி விலகிவிடவேண்டும் என்று விதித்திருந்தது. பிள்ளைக்கு மூன்று மாதம் நிரம்பும்வரை அவர் திரும்பி வரலாகாது. அதன் பின்னரும் பழைய இடம் கிடைக்கும் என்ற உறுதி இல்லை. மாணவரின் கல்வி தடைப்படாதிருக்கவும் தாயின் உடல்நலம் கருதியுமே இவ்விதி ஆக்கப்பட்டது என்று நீதிமன்றத்திற் கூறப்பட்டது. ஆனால் இதுபோன்ற விதிகளின் உட்கிடையை, அதே தீர்ப்பில் அடங்கிய இன்னொரு மாவட்டத்தின் சபை உறுப்பினர் ஒருவர் வெளிப்படையாகவே உரைத்துவிட்டார். ஆசிரியை தர்ப்பூசணிப் பழத்தை விழுங்கிவிட்டார் என்று பிள்ளைகள் பேசிக்கொள்கின்றனராம். ஆகையால் அக்காட்சி பாடசாலைக்கு நல்லதன்றாம்! 1974 ஜனவரியில் அமெரிக்க உயர் நீதிமன்றம் இவ்விதிகளைச் செல்லாதனவாக்கியது. உலகில் எந்தப் பிள்ளைக்கும் விளங்கும் ஓர் உண்மையைப் பிள்ளைகளிடமிருந்து மறைப்பதற்காகப் பெரியோர் ஒரு பெண்ணின் பிழைப்பையே பறித்திருந்தனர்.

வேலையைவிட்டு விரட்டப்படாதிருத்தல் ஒன்று; விலகிச்சென்று திரும்பிவர இடமிருத்தல் வேறொன்று. 1982இல் லொஸ் ஏஞ்சலிஸ் நகரில் வங்கியொன்றின் வரவேற்பாளராகப் பணிபுரிந்த லிலியன் கார்லண்ட் என்னும் பெண், மகப்பேற்றின் பின் வேலைக்குத் திரும்பியபோது அவருடைய இடத்தில் வேறொருவர் அமர்ந்திருந்தார். வருவாயின்றிப் போகவே குடியிருந்த வீட்டை இழந்தார். குழந்தையைத் தந்தையின் பொறுப்பில் விடவும் நேர்ந்தது. கருவுற்ற பெண்ணின் இடத்தை நான்கு மாதம் வரை காத்துவைக்குமாறு கலிபோர்னியா மாநிலச் சட்டம் 1978 முதலே கூறியிருந்தது. வங்கியோ அச்சட்டத்தையே எதிர்த்து வழக்காடிற்று. ஆணுக்கு இல்லாத சலுகை பெண்ணுக்கு வழங்கப்படுவது சமத்துவத்துக்கு விரோதம் என்பது அதன் வாதம். 1984இல் கீழ் நீதிமன்றம் வங்கியின் பக்கம் தீர்ப்பளித்தது. 1987இல் உயர் நீதிமன்றம் மாநிலச் சட்டத்தை நிலைநிறுத்தியது.

இவ்வழக்கிலே முதலாளிமார் கூறியதைவிடப் பெண்கள் இயக்கத்துக்குள் எழுந்த வாதமே நம் சிந்தனைக்கு உரியது. பெண்ணுக்கு மட்டும் என்று ஒரு பாதுகாப்பைக் கேட்டால், அப்பாதுகாப்பே அவளை வேலைக்கு எடுக்காமைக்குக் காரணமாகிவிடாதா என்று ஒரு சாரார் அஞ்சினர். உடல்வேறுபாட்டைக் கணக்கிலெடாத சமத்துவம் வெறும் பெயரளவினதே என்று மறுசாரார் வாதித்தனர். இரு சாரார் கூற்றிலும் உண்மை இருந்தது. இவ்விக்கட்டிலிருந்து வெளியேறும் வழியாகவே, கருப்பத்தை மட்டும் தனித்து நோக்காது, மனித உடல் எதுவாயினும் அது தளர்வுறும், மனிதன் எவனாயினும் அவனைச் சார்ந்தோர் நோயுறுவர் என்ற பொது உண்மையிலிருந்து தொடங்கும் ஒரு சட்டத்தை எழுத முனைந்தனர். இது மிக உயர்ந்த சிந்தனை என்பதே நம் கருத்து. மனிதனை ஒருபோதும் நோயுறாதவனாகவும் எவருக்கும் பிள்ளையாகப் பிறவாதவனாகவும் கற்பனை செய்துகொண்டு அமைக்கப்பட்ட தொழிலுலகத்தை அது அடியோடு கேள்விக்குள்ளாக்கியது.

சட்டமாகும் வழியிலே அச்சிந்தனை வெகுவாகத் தேய்ந்துபோயிற்று. 1985இல் காங்கிரஸில் முன்வைக்கப்பட்ட முதல் வரைவில் விடுமுறைக்காலம் நீண்டதாக இருந்தது. ஆண்டுகள் செல்லச் செல்லக் காலம் குறுகிற்று, விலக்களிக்கப்பட்ட தொழிலகங்கள் பெருகின. அவ்வாறு குறுகிய பின்னரும் ஜனாதிபதி ஜோர்ஜ் புஷ் 1990இலும் 1992இலும் தம் மறுப்பதிகாரத்தால் அதனைத் தடுத்தார். இத்தகைய விடுமுறை நல்லதே, ஆனால் அரசாங்கம் அதனைக் கட்டாயப்படுத்தலாகாது, இரு தரப்பினரும் தாமே பேசி முடித்துக்கொள்ளட்டும் என்பது அவர் நிலைப்பாடு. நாளை வேலை உண்டோ என்று அஞ்சுபவனும், வாயிலில் நூறு பேர் காத்து நிற்பதைக் காண்பவனும் செய்துகொள்ளும் பேச்சுவார்த்தை எத்தகையது என்பதை நாம் விளக்கவேண்டியதில்லை. 1993 பெப்ரவரி 5ஆந் திகதி கிளின்டன் கையொப்பமிட்டதும் அது சட்டமாயிற்று. புதிய ஜனாதிபதி கையொப்பமிட்ட முதற் சட்டமும் அதுவே.

அச்சட்டம் ஓராண்டில் 12 வார விடுமுறையை அளிக்கின்றது. குழந்தை பிறந்தாலோ, பிள்ளையைத் தத்தெடுத்தாலோ, தாய், தந்தை, பிள்ளை, வாழ்க்கைத்துணை ஆகியோருள் ஒருவர் கடும் நோயுற்றாலோ, தானே நோயுற்றாலோ அதனை எடுக்கலாம். திரும்பி வரும்போது அதே வேலை, அல்லது அதற்கு ஒத்த வேலை கொடுக்கப்படல் வேண்டும். இடைக்காலத்தில் மருத்துவக் காப்புறுதி அறுபடலாகாது. சிகிச்சை பெறும் உரிமையே பெரும்பாலும் உத்தியோகத்தோடு பிணைக்கப்பட்டுள்ள நாட்டில் இஃது அற்ப விடயமன்று. ஆனால் சம்பளம் இல்லை. மேலும் 75 மைல் எல்லைக்குள் 50 பேரேனும் பணிபுரியும் தொழிலகமாக இருக்கவேண்டும். தொழிலாளி அங்கு ஓராண்டு பணிபுரிந்து, முந்திய 12 மாதத்தில் 1,250 மணிநேரம் உழைத்திருக்கவும் வேண்டும். இந்த வடிகட்டல்கள் யாவும் முடிந்தபின் எஞ்சுவோர் எத்தனை பேர்? 2018இல் அந்நாட்டுத் தொழிற் திணைக்களம் நடத்துவித்த ஆய்வின்படி தொழிலாளருள் 100க்கு 56 பேரே தகுதியுடையோர். சிறு கடையில் நிற்பவனும், இரண்டு இடங்களில் அரைநாள் வேலை செய்பவளும், அண்மையில் வேலை மாறியவரும் சட்டத்தின் வாயிலுக்கு வெளியிலேயே நிற்கின்றனர். அவர்களுடைய தாய்மாருக்கு மட்டும் நோய் வராது போலும்!

தகுதியுடையோர் நிலையும் மகிழத்தக்கதன்று. விடுமுறை தேவைப்பட்டும் எடுக்காதோருள் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கினர் சம்பளமின்றி வாழ இயலாமையையே காரணமாகக் கூறினர் என்று அதே ஆய்வு காட்டுகின்றது. வேலைக்குரிய நாற்காலி காக்கப்படுகின்றது. நாற்காலிக்கு உரியவரின் அடுப்பு காக்கப்படுவதில்லை. சேமிப்பு உள்ளவனுக்கு 12 வாரம் 12 வாரமே. அன்றாடங் காய்ச்சிக்கு அது இரண்டு நாள், அல்லது அதுவும் இல்லை. எழுத்தில் இருவருக்கும் உரிமை ஒன்றுதான். கூலி இழக்கும் காலத்திலேயே மருந்துச் செலவும் ஏறுகின்றது என்பதையும் சேர்த்து நோக்கினால், இவ்வுரிமை மிகவும் வேண்டியவரிடத்திலேயே மிகக் குறைவாகச் சென்றடைகிறது என்ற முடிவுக்கு நாம் வரவேண்டியுள்ளது.

எனினும் இச்சட்டத்தை வெறும் ஏமாற்று என்று ஒதுக்கும் அவசரக்காரருடன் நாம் உடன்படவில்லை. 1997இல் நெவாடா மாநில அரசின் ஊழியரான வில்லியம் ஹிப்ஸ், விபத்தொன்றின் பின் கழுத்திற் சத்திரசிகிச்சை செய்துகொள்ளவிருந்த மனைவியைக் கவனிக்க விடுமுறை எடுத்து, விடுமுறைக் கணக்கில் எழுந்த பிணக்கினால் வேலையை இழந்தார். அவ்வழக்கிற் 2003இல் தீர்ப்பெழுதியவர் பழைமை பேணுபவர் என்று பெயர்பெற்ற பிரதம நீதியரசர் ரெங்குவிஸ்ட். நோயாளியைப் பேணுவது பெண்ணின் வேலை என்ற எண்ணமே பெண்ணைத் தொழிலிலே பின்தள்ளுகின்றது. ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒப்ப விடுமுறை அளிப்பதன் மூலம் சட்டம் அவ்வெண்ணத்தின் வேரைத் தாக்குகின்றது என்னும் கருத்தை அவர் ஏற்றுக்கொண்டார். ஓர் ஆண் தன் மனைவியின் படுக்கையருகே இருக்க வேண்டும் என்று கேட்பதைச் சட்டம் இயல்பானதாகக் கொண்டது சிறிய மாற்றமன்று. நம் பாடசாலைகளில் மனைவிக்கு வருத்தம் என்று லீவு கேட்கும் ஆசிரியரை நோக்கி, வீட்டிலே வேறு பெண்கள் இல்லையா என்று வினவாத அதிபர் எத்தனை பேர்?

விடுப்பு என்னும் சொல்லுக்கு இப்போது வருவோம். கடும் நோய் என்பதை நிறுவ வைத்தியரின் அத்தாட்சி வேண்டும் என்று தொழில்தருநர் கேட்கலாம். ஐயமெனின் தம் செலவில் இரண்டாம் வைத்தியரிடமும் அனுப்பலாம். இருவரும் முரண்பட்டால் மூன்றாமவரிடம். பொய்யரும் இருப்பர் என்பதை நாம் அறிவோம். லீவெடுத்துக் கிரிக்கெட் பார்க்கச் சென்றவரை நம் ஆசிரியர் அறைகளும் கண்டுள்ளன. ஆயினும் சிலருடைய பொய்யைத் தடுப்பதற்காக எல்லோருடைய துன்பத்தையும் காகிதத்தில் விரித்து மேலதிகாரியின் மேசையில் வைக்கச் செய்யும்போது, நம்மூர்ப் பொருளிலான விடுப்பும் தமிழகப் பொருளிலான விடுப்பும் ஒன்றாகிவிடுகின்றன. தாயின் வயிற்றில் என்ன கட்டி என்பதை எழுத்தாளரும் அறிவார், தேநீர் கொண்டுவருபவரும் அறிவார்.

இதுவரை நாம் தொழிலாளி ஒருபுறம், முதலாளி மறுபுறம் என்றே பேசினோம். உண்மையில் மூன்றாமவர் ஒருவர் உண்டு. அவர் அருகிலுள்ள மேசையில் இருக்கின்றார். நாம் அறிந்த பாடசாலை ஒன்றிலே கணித ஆசிரியர் ஒருவர், சிறுநீரகம் பழுதுற்ற தம் தந்தையைக் கிழமைக்கு இருமுறை குருதிச் சுத்திகரிப்புக்கு அழைத்துச் செல்லவேண்டியிருந்தது. முதல் மாதம் நாமெல்லோரும் மனமுவந்து அவருடைய வகுப்புகளைப் பகிர்ந்துகொண்டோம். நான்காம் மாதத்தில் 'இன்றைக்குமா?' என்ற கேள்வி வாயால் எழாவிடினும் கண்களில் எழுந்தது. சாதாரண தரப் பரீட்சை நெருங்கியபோது பெற்றோர் சிலர் அதிபரிடம் முறையிட்டனர். அவர்கள் மீதும் நாம் குறைகூற முடியாது. அப்பிள்ளைகளுக்கு அந்த ஆண்டு ஒருமுறையே வரும். அந்த ஆசிரியரோ எல்லோரிடமும் மன்னிப்புக் கேட்பவர்போல் நடமாடினார். தந்தையைப் பேணுபவன் தலைகுனிந்து நடக்கும் நிலை எங்ஙனம் தோன்றிற்று என்று நாம் அப்போது ஆழ்ந்து எண்ணவில்லை.

அமெரிக்கச் சட்டம் இச்சிக்கலைக் கண்டுகொண்டுள்ளது. ஆயின் அது கண்ட தீர்வு கவனித்தற்குரியது. ஆசிரியருக்கென்று அதில் தனி விதிகள் உண்டு. சிகிச்சைக்காக இடையிடையே விடுமுறை எடுக்கும் ஆசிரியர் அக்காலத்தின் வேலைநாட்களில் 100க்கு 20க்கு மேல் வராதிருப்பாராயின், அக்காலம் முழுவதையுமே விடுமுறையாக எடுக்குமாறோ, தற்காலிகமாக வேறு பணிக்கு மாறுமாறோ பாடசாலை பணிக்கலாம். தவணையின் இறுதி வாரங்களில் திரும்ப வேண்டியவரைத் தவணை முடியும்வரை வெளியில் நிற்குமாறும் கூறலாம். வகுப்பின் தொடர்ச்சி கெடலாகாது என்பது நியாயமான நோக்கமே. ஆனால் அந்நியாயத்தின் விலையைச் செலுத்துபவர் நோயாளியின் வீட்டாரே. பதிலாசிரியரை அமர்த்த வேண்டிய பொறுப்பைப் பற்றிச் சட்டம் வாய் திறப்பதில்லை. ஒருவர் இல்லாதபோது அச்சுமையைச் சகாக்களின் நல்லெண்ணத்தின் மீதோ, மாணவரின் நட்டத்தின் மீதோ சுமத்திவிட்டு, பின்னர் நல்லெண்ணம் வற்றிவிட்டதே என்று வியப்பதிற் பயனில்லை. நோய் வரும் என்பது தெரிந்த செய்தி. பத்து ஆசிரியர் தேவையான இடத்தில் பத்துப் பேரையே அமர்த்துபவர், அவருள் ஒருவரும் ஒருபோதும் தந்தையை வைத்தியசாலைக்குக் கொண்டுசெல்ல மாட்டார் என்று கணக்கிட்டிருக்கின்றார்.

நம் நாட்டுக் கணக்கும் பெரிதும் வேறானதன்று. மகப்பேற்றுக்கு 84 நாள் சம்பளத்துடன் கிடைக்கின்றது; அது போராடிப் பெற்ற பேறு. ஆயினும் தனியார் துறையில் 2018இல் சட்டம் திருத்தப்படும்வரை மூன்றாம் பிள்ளைக்கு அதிற் பாதியே கிடைத்தது. மூன்றாவது என்பதற்காகத் தாயின் உடல் பாதி நாளில் தேறிவிடும் என்று எண்ணினர் போலும். 1954ஆம் ஆண்டின் கடை, காரியாலய ஊழியர் சட்டத்தில் சொந்த அலுவல், சுகவீனம், பிற தகுந்த காரணம் ஆகிய யாவற்றுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 7 நாள். தந்தையின் நோய்க்கென்று தனியே எதுவுமில்லை.

உறவு என்பது யாது என்ற வினாவும் எஞ்சியுள்ளது. அமெரிக்கச் சட்டத்தின் பட்டியலில் உடன்பிறந்தார் இல்லை. பேரன் பேத்தி, பாட்டன் பாட்டி இல்லை. மாமன் மாமியும் இல்லை. பெற்றோரின் இடத்திலிருந்து வளர்த்தவரைப் பெற்றோராகவே கொள்ளும் விதி உண்டு என்பதை நாம் மறைக்கலாகாது. பெரியம்மாவின் மடியில் வளர்ந்த பிள்ளைக்கு அது பொருந்தும். ஆனால் தாய் தந்தையற்ற இரு சகோதரிகளுள் ஒருத்தி நோயுற்றால் மற்றவள் அந்நியளே. கணவனின் தாயை நடைமுறையில் பேணுபவள் மருமகள். சட்டமோ விடுமுறையை மகனுக்கே அளிக்கின்றது. அவள் செய்யும் வேலை கூலிக் கணக்கிலும் இல்லை, விடுமுறைக் கணக்கிலும் இல்லை.

இவ்விரு குறைகளையும் களையச் சில மாநிலங்கள் முயன்றுள்ளன. கலிபோர்னியா 2002இல் சட்டமியற்றி 2004 முதல், குடும்பத்தாரைப் பேணுவோருக்குச் சம்பளத்தின் ஒரு பகுதியை வழங்கத் தொடங்கியது. தொழிலாளர் ஒவ்வொருவரின் சம்பளத்திலிருந்தும் சிறு தொகை கழிக்கப்பட்டு ஒரு பொதுநிதியிற் சேர்கின்றது. எவர் வீட்டில் நோய் வந்தாலும் எல்லோரும் அதிற் பங்குகொள்கின்றனர். ஆனால் அத்திட்டம் பணத்தைக் கொடுத்ததேயன்றி வேலையைக் காக்கவில்லை. சிறு தொழிலகத்தில் உழைப்பவர் பணத்தைப் பெற்றுக்கொண்டு திரும்பிவந்து நாற்காலியை இழக்கக்கூடும். கூட்டாட்சிச் சட்டம் நாற்காலியைக் கொடுத்து அடுப்பை அணைத்ததற்கு இது நேர்மாறு. 2021 ஜனவரியிலிருந்தே அம்மாநிலம் வேலைக் காப்பினை 5 பேர் பணிபுரியும் இடம்வரை விரித்து, உடன்பிறந்தாரையும் பாட்டன் பாட்டியரையும் பேரப்பிள்ளைகளையும் பட்டியலிற் சேர்த்தது. 2023 முதல் அதற்கும் அப்பாற் சென்று, குடும்ப உறவுக்கு ஒப்பான பிணைப்புடைய ஒருவரைத் தொழிலாளி தானே குறிப்பிடலாம் என்றும் வகுத்தது. யார் தனக்கு உற்றார் என்பதை உழைப்பவன் வாயாலேயே கேட்டறியச் சட்டம் உடன்பட்டது இங்குதான்.

நாடு முழுவதற்குமான கதை அவ்வளவு தூரம் செல்லவில்லை. 2019இல் இயற்றப்பட்ட சட்டத்தின்படி கூட்டாட்சி அரசின் ஊழியருக்கு, பிள்ளைப்பேற்றுக்கும் தத்தெடுப்புக்கும் மட்டும், 12 வாரச் சம்பள விடுமுறை 2020 ஒக்ரோபரிலிருந்து கிடைத்து வருகின்றது. எல்லாத் தொழிலாளருக்கும் அத்தகைய 12 வாரத்தை அளிக்கும் யோசனை 2021இல் முன்வைக்கப்பட்டபோது, அது பேரத்தில் 4 வாரமாகக் குறைந்தது. அந்த 4 வாரம் நவம்பரில் பிரதிநிதிகள் சபையில் நிறைவேறிச் செனற் சபையில் நின்றுவிட்டது. 1919இல் அதே நகரிற் கூடியோர் தாய்மாருக்கு எழுதிவைத்தது 12 வாரம்.